அப்பா அறுக்கும் கல்லின் வயது

பர்கூர் பக்கத்திலிருந்து ஒரு தாய் எழுதிய கடிதம்:

"ஐயா, பத்து ஆண்டுகளாக எங்கள் சபையில் ஞாயிறு பள்ளி நடத்துகிறேன். கணவர் கிருஷ்ணகிரியில் ஒரு கிரானைட் பட்டறையில் மேற்பார்வையாளர். மகன் பதினோராம் வகுப்பு படிக்கிறான்; இயற்பியல் என்றால் உயிர். சென்ற மாதம் எங்கள் போதகர் ஆதியாகமம் முதல் அதிகாரத்தைப் பிரசங்கித்தார். உலகம் உண்டாகி ஆறாயிரம் ஆண்டுகள்தான் ஆகின்றன, பெருவெடிப்பு மனிதன் கட்டிய கதை, அறிவியல் இன்று ஒன்று சொல்லும், நாளை வேறொன்று சொல்லும் என்றார். வீட்டுக்கு வந்த மகன், 'அப்பா அறுக்கிற கல்லே இருநூற்றைம்பது கோடி வருடம் பழையது அம்மா' என்றான். மூன்று ஞாயிறாக அவன் ஆராதனைக்கு வரவில்லை. படிக்க வேண்டும் என்கிறான். என் தம்பி கைபேசியில் ஒரு செய்தி அனுப்பியிருக்கிறான். 'வெளிச்சம் உண்டாகக்கடவது' என்ற வசனத்துக்குப் பெருவெடிப்பே நிரூபணம் என்கிறது அது. அதை மகனிடம் காட்டலாமா? வேதமா, அறிவியலா என்று அவன் கேட்டால் என்ன சொல்வது? அடுத்த மாதம் ஞாயிறு பள்ளியில் சிருஷ்டிப்புப் பாடம் வேறு வருகிறது. நடத்தவே பயமாக இருக்கிறது."

அன்புள்ள சகோதரிக்கு,

தம்பி அனுப்பிய செய்தியை மகனிடம் காட்டாதீர்கள். காரணம் பிறகு சொல்கிறேன். கல்லிலிருந்து தொடங்குவோம், நான் முப்பது ஆண்டுகளுக்கு மேல் கல்லூரியில் நிலவியல் சொல்லிக்கொடுத்தவன், கல்லை விட்டு எனக்குப் பேசத் தெரியாது. என் சபையில் மாதம் ஒரு ஞாயிறு வேதபாடம் வாசிக்கிறவனும்கூட. இரண்டு வேலையையும் ஒரே ஆள்தான் செய்துவருகிறேன்.

உங்கள் மகன் சொன்ன கணக்கு சரி. உங்கள் கணவரின் பட்டறையில் சிவப்பும் சாம்பலும் அலை அலையாக ஓடுகிற பாரடைசோ பலகைகள் இருக்கும். பாலிஷ் போடும்போது தண்ணீர் பட்டு நனைந்திருக்கையில் ஒரு பலகையின் அருகில் நின்று பாருங்கள். அந்தக் கோடுகள் பாகு போல வளைந்து, மடிந்து, சில இடங்களில் திரும்பி வந்து தன்னையே தொடும். பூமிக்குள் பல கிலோமீட்டர் ஆழத்தில், பாதி உருகிய நிலையில், பாறை அப்படிக் குழைந்திருக்கிறது. பிறகு மேலே இருந்த அத்தனை பாறையும் தேய்ந்து கரைந்து போனபின்தான் அது குவாரியில் நம் கைக்கு எட்டுகிறது. கிருஷ்ணகிரி வட்டாரத்துப் பட்டைப் பாறைகளுக்கு ஏறத்தாழ 250 கோடி ஆண்டு வயது.

தருமபுரிப் பக்கம் வெட்டுகிற கருப்புக் கல் அதற்கு இளையது. இதைத் தெரிந்துகொள்ள ஆய்வுக்கூடம் வேண்டாம். குவாரியில் அந்தக் கருப்புப் பாறை, பட்டைப் பாறையை ஒரு சுவர் போலக் குறுக்கே கிழித்துக்கொண்டு போவதைக் கணவர் பார்த்திருப்பார். கீழிருந்து வந்த குழம்பு விரிசலில் ஏறி உறைந்தது அது. விரிசல் விழ வேண்டுமென்றால் பாறை ஏற்கெனவே இருந்திருக்க வேண்டும் அல்லவா? இந்தக் கருஞ்சுவர்களில் பலவற்றின் வயது சுமார் 237 கோடி ஆண்டு.

எண்ணை எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள் என்று மகனே உங்களிடம் கேட்கலாம், சொல்லிவிடுகிறேன். கல்லை இடித்துப் பொடியாக்கி, நீரில் அலசி, காந்தத்தால் இரும்புத் தாதுகளை நீக்கி, கடைசியில் மிஞ்சும் கனமான துகள்களை நுண்ணோக்கியின் கீழ் ஊசியால் ஒவ்வொன்றாகப் பொறுக்குவார்கள். அரிசியில் கல் பொறுக்குவது போலத்தான்; இங்கே அரிசி கண்ணுக்கே தெரியாது. ஜிர்கான் என்ற மணிகள் அவை. ஜிர்கான் உருவாகும்போது யுரேனியத்தை உள்ளே சேர்த்துக்கொள்ளும், ஈயத்தைச் சேர்க்காது. யுரேனியம் தன் போக்கில் மெல்ல மெல்ல ஈயமாக மாறும். ஆகவே பின்னாளில் மணிக்குள் இருக்கும் ஈயம் அநேகமாக முழுவதும் உள்ளேயே பிறந்தது. யுரேனியத்தில் இரண்டு வகை. ஒன்று பாதியாகக் குறைய 447 கோடி ஆண்டும், மற்றது பாதியாக 70 கோடி ஆண்டும் ஆகும். ஒரே மணிக்குள் வெவ்வேறு வேகத்தில் ஓடும் இரண்டு கடிகாரங்கள், இரண்டும் ஒரே நேரம் காட்டினால் நம்பாமல் என்ன செய்வது? இதில் ஆறாயிரத்துக்கு இடமே இல்லை.

சரி, ஆறாயிரம் எங்கிருந்து வந்தது? உலகத்தின் வயதாக அந்த எண் வேதத்தில் எந்த வசனத்திலும் இல்லை. வம்ச வரலாறுகளில் உள்ள வயதுகளைக் கூட்டி, அயர்லாந்தின் ஆர்மா பேராயர் ஜேம்ஸ் அஷர் 1650-இல் ஒரு கணக்குப் போட்டார்; கி.மு. 4004-இல் சிருஷ்டிப்பு என்றார். அவர் பெரிய அறிஞர், அன்றைக்குக் கிடைத்த நூல்களை வைத்து நேர்மையாகத்தான் கணக்கிட்டார். பிறகு ஆங்கில வேதாகமங்களின் ஓரத்தில் அந்த ஆண்டை அச்சிட ஆரம்பித்தார்கள். ஓரத்தில் இருந்தது நாளடைவில் வசனத்துக்குச் சமமாகிவிட்டது. உங்கள் போதகர் வேதத்தைப் பாதுகாப்பதாக நினைத்துப் பாதுகாப்பது ஓரக் குறிப்பைத்தான்.

இதைச் சொல்லும்போது அவர்மேல் எனக்குக் கோபமில்லை. "அறிவியல் மாறிக்கொண்டே இருக்கும்" என்று அவர் சொன்னதும் பொய்யல்ல. எப்படி மாறுகிறது என்பதுதான் விஷயம். அதற்கு என் துறைக்குப் பிடித்தமான ஒரு கதை உண்டு. 1929-இல் அமெரிக்க வானியலாளர் ஹபிள், விண்மீன் திரள்கள் ஒன்றைவிட்டு ஒன்று விலகும் வேகத்தை அளந்தார். அந்த எண்ணை வைத்துப் பின்னோக்கிக் கணக்கிட்டால் பிரபஞ்சத்துக்கு வயது சுமார் 200 கோடி ஆண்டுதான். அதாவது, அந்தக் கணக்குப்படி தருமபுரிக் கருப்புக் கல் பிரபஞ்சத்துக்கே மூத்தது! மகன் அப்பாவுக்கு முன்னால் பிறந்த கதை. நிலவியலாளர்கள் பாறைகளிலிருந்து பெற்ற வயதுகளுக்கும் வானியலாளர்கள் சொன்ன வயதுக்கும் இருபது ஆண்டுகளுக்கு மேல் பொருந்தவே இல்லை. கடைசியில் 1952-இல் வானியலாளர் வால்ட்டர் பாடே, விண்மீன் திரள்களின் தொலைவையே தவறாக, பாதியாக, அளந்திருக்கிறோம் என்று காட்டினார். வயது ஒரே வீச்சில் இரட்டிப்பானது. பிறகு மேலும் திருத்தங்கள். இன்று 1380 கோடியில் வந்து நிற்கிறது. இன்னும் சண்டை ஓயவில்லை. பிரபஞ்சம் விரியும் வேகம், வானியலாளர்களின் அலகில், ஒரு வழியில் அளந்தால் 67 என்றும், வேறு வழியில் அளந்தால் 73 என்றும் வருகிறது. ஏன் என்று மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள். நூறு கோடி ஆண்டு முன்பின் ஆகலாம். மாறுகிறது என்பது உண்மை, ஆனால் குறி வைத்த இடத்தை நோக்கி நெருங்கி நெருங்கி மாறுகிறது. ஆறாயிரத்தை நோக்கி அல்ல.

இப்போது தம்பியின் செய்தி.

பெருவெடிப்புக் கருத்தை முதலில் முன்வைத்தவர் யார் தெரியுமா? ஜார்ஜ் லெமேத்ர் என்ற பெல்ஜியத்துக் கத்தோலிக்கக் குரு. 1923-இல் குருவானவர், 1927-இல் பிரபஞ்சம் விரிகிறது என்று கணக்குப் போட்டுக் காட்டினார், 1931-இல், எல்லாம் ஒரே 'ஆதி அணுவிலிருந்து' தொடங்கியிருக்கலாம் என்று எழுதினார். ஐன்ஸ்டைன் முதலில் இவரிடம், உம் கணக்கு சரி, இயற்பியல்தான் சகிக்கவில்லை என்கிற தோரணையில் பேசினாராம். பிறகு அவரே இறங்கி வந்தார். "மனிதன் கட்டிய கதை" என்று மேடையில் சொன்னதைக் கட்டியவர் அங்கி அணிந்த ஒருவர் என்பதை உங்கள் போதகருக்குத் தெரியப்படுத்தலாம், மெதுவாக.

கதை அதோடு முடியவில்லை. 1951 நவம்பரில் போப்பாண்டவர் பன்னிரண்டாம் பயஸ் அறிஞர் சபை ஒன்றில் உரையாற்றும்போது, "வெளிச்சம் உண்டாகக்கடவது" என்ற அந்த ஆதி வாக்குக்கு இன்றைய அறிவியலே சாட்சி சொல்கிறது என்ற பொருளில் பேசினார். உங்கள் தம்பியின் செய்தி அப்படியே! லெமேத்ர் மகிழ்ந்திருக்க வேண்டும். தன் கண்டுபிடிப்புக்குப் போப்பே முத்திரை குத்துகிறார். ஆனால் அவர் சங்கடப்பட்டார். வத்திக்கான் வானியல் கூடத்தின் தலைவரோடு சேர்ந்து, இப்படிப் பேச வேண்டாம் என்று எடுத்துச்சொல்லச் செய்தார். அடுத்த ஆண்டு உலக வானியலாளர் மாநாட்டில் பேசியபோது போப் அந்த வாதத்தை எடுக்கவில்லை. தன் கோட்பாடு மத விவகாரத்துக்கு வெளியே நிற்கிறது, கடவுளை மறுப்பவன் மறுத்துக்கொண்டே இதை ஏற்கலாம் என்று லெமேத்ர் பிற்காலத்திலும் வெளிப்படையாகச் சொன்னார். தினமும் பூசை வைத்தவர் இப்படிச் சொன்னதில் எனக்குப் பெரும் மரியாதை.

ஏன் அப்படி? ஆணியில் மாட்டிய படம் போல விசுவாசத்தை ஒரு கணக்கில் மாட்டிவைத்தால், கணக்கு திருத்தப்படும்போது படமும் விழும். ஆறாயிரத்தில் மாட்டினாலும் இதே கதிதான், ஆயிரத்து முந்நூற்று எண்பது கோடியில் மாட்டினாலும் இதே கதிதான். பெருவெடிப்புக்கு முன்னாலும் ஏதோ இருந்தது என்று நாளை ஒருவர் நிறுவினால் உங்கள் மகன் என்ன செய்வான்? தம்பி அனுப்பியது போதகர் சொன்னதற்கு மறுபக்கம். இரண்டும் ஒரே நாணயம்தான்.

இது புதிய ஞானமும் அல்ல. 'தோற்றம்' வேறு, 'சிருஷ்டி' வேறு என்று பதின்மூன்றாம் நூற்றாண்டிலேயே தாமஸ் அக்குவினாஸ் என்ற இறையியலாளர் வாதிட்டிருக்கிறார். உலகத்துக்கு ஒரு தொடக்கம் உண்டு என்று அவர் நம்பியது வேதம் சொன்னதால். பகுத்தறிவால் அதை நிரூபிக்க முடியாது என்றார். உலகம் தொடக்கமே இல்லாமல் இருந்திருந்தாலும் அது தேவனைச் சார்ந்தே இருந்திருக்கும், ஆகவே அதுவும் சிருஷ்டியே என்பது அவர் வாதம். குயவன் பானையைச் செய்து வைத்துவிட்டுப் போய்விடலாம், பானை நிற்கும். பாடுகிறவர் நிறுத்தினால் பாட்டு நிலைத்திருக்காது, இல்லாமல் போகும். சிருஷ்டி பாட்டைப் போன்றது. எபிரெயர் நிருபம் முதல் அதிகாரத்தில் "சர்வத்தையும் தம்முடைய வல்லமையுள்ள வசனத்தினாலே தாங்குகிறவர்" என்று வருகிறதே, 'தாங்கினவர்' என்று இல்லை, கவனித்தீர்களா? அறுப்பின் பண்டிகைக்கு நம் தோட்டங்களின் பலனைக் கொண்டுபோய் ஆலயத்தில் வைக்கிறோம். அந்த மாங்காயைக் கொடுத்தது தேவனா, சொட்டுநீரா என்று யாரும் பட்டிமன்றம் வைப்பதில்லை.

வேதமா, அறிவியலா என்று மகன் கேட்டால், அவனைத் தருமபுரி அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போங்கள். நடுகற்கள் இருக்கின்றன. ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்டவை உண்டு. வட்டெழுத்து என்ற பழைய எழுத்தில் 'தொறு மீட்டுப் பட்டான்' என்கிற மாதிரி வரிகள். தொறு என்றால் மாட்டு மந்தை. மந்தையை மீட்கப் போய் அம்பு பட்டு இறந்த வீரனுக்கு ஊர் வைத்த கல். சிலவற்றில் வீரன் பெரிதாக நிற்பான். மாடுகள் அவன் முழங்கால் அளவுகூட இல்லாமல் மூலையில் இருக்கும். வேறு சிலவற்றில் கீழே போர், நடுவில் தேவமாதர் அவனைத் தூக்கிப் போகிறார்கள், மேலே அவன் தேவலோகத்தில் இருக்கிறான். இதைப் பார்த்து, 'மாட்டின் அளவு தவறு, சிற்பி பொய்யன்' என்று யாராவது சொல்கிறார்களா? அந்தக் கல் எதற்காக நிறுத்தப்பட்டதோ அதைத்தான் சொல்லும்: இவன் யாருக்காகச் செத்தான், ஊர் அவனை எப்படி நினைக்கிறது. அதே கல்லின் ஒரு சில்லை என்னிடம் கொடுத்தால் அதன் வயதும் பிறப்பும் சொல்வேன். வீரனைப் பற்றி என் நுண்ணோக்கிக்கு ஒன்றும் தெரியாது. கல்வெட்டுக்குக் கல்லின் வயது தெரியாது. கல் ஒன்றுதான்.

ஆதியாகமத்தின் முதல் அதிகாரத்தையும் அது நிறுத்தப்பட்ட இடத்தில் வைத்துப் படியுங்கள். முதல் நாளில் வெளிச்சம். சூரியனோ நான்காம் நாளில். இதை எழுதியவருக்குப் பகல் சூரியனால் வருகிறது என்று தெரியாதா என்ன? வேண்டுமென்றேதான் செய்கிறார். முதல் மூன்று நாளில் இடங்கள், அடுத்த மூன்று நாளில் அந்த இடங்களில் குடியிருப்போர்: வெளிச்சத்துக்குச் சுடர்கள், வானத்துக்கும் நீருக்கும் பறவையும் மீனும், நிலத்துக்கு மிருகங்களும் மனிதரும். கோலம் போடுவதற்குமுன் புள்ளி வைப்பது போன்ற ஒழுங்கு. இன்னொன்று, சூரியன் சந்திரன் என்ற பெயரே அந்த வசனங்களில் இல்லை. "பெரிய சுடர்", "சிறிய சுடர்" என்று மட்டும் இருக்கும். சுற்றிலும் பாபிலோனியர் சூரியனையும் சந்திரனையும் தெய்வமாக வணங்கிய காலம். நீங்கள் கும்பிடுகிறவை தெய்வங்கள் அல்ல, என் தேவன் மாட்டிவைத்த விளக்குகள் என்கிறது வேதம். எத்தனை துணிச்சல்! அந்தத் துணிச்சலை விட்டுவிட்டு நாம் அதில் மணிக்கணக்கைத் தேடுகிறோம். இரண்டாம் அதிகாரத்தில் மனிதன் உருவான பிறகுதான் மரங்கள் முளைக்கின்றன. முதல் அதிகாரத்தில் மூன்றாம் நாளே புல்லும் மரமும். தொகுத்தவர்கள் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்கள், அழிக்கவில்லை. அவர்களுக்கு அது இடறலாக இல்லை.

நான்காம் நாள் சூரியன் என்பதைக் கண்டு 1600 ஆண்டுகளுக்கு முன்பே அகஸ்தீன் என்ற திருச்சபை அறிஞர் யோசித்திருக்கிறார். அந்த நாட்கள் நம் நாட்கள் போன்றவை அல்ல என்ற முடிவுக்கு வந்தார். வானம், பூமி, நட்சத்திர ஓட்டம் பற்றி விஷயம் தெரிந்த புறமதத்தார் முன்னால், கிறிஸ்தவன் வேதத்தின் பெயரால் உளறினால், அவர்கள் அதைக் கேட்டு நகைத்துவிட்டு உயிர்த்தெழுதலையும் நம்ப மாட்டார்கள் என்று எச்சரித்தார். அதே அகஸ்தீன் உலகத்துக்கு ஆறாயிரம் ஆண்டுகூட ஆகவில்லை என்றுதான் நம்பினார் என்பதையும் சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் உங்கள் போதகர் சொல்வார். அவர் காலத்தில் ஜிர்கான் பொறுக்க ஆள் இல்லை.

தேவன் கல்லைப் படைக்கும்போதே வயதானதாகப் படைத்தார், தொலைவிலுள்ள நட்சத்திரத்தின் ஒளியைப் பாதி வழியிலேயே படைத்தார் என்று ஒரு பதில் உங்கள் காதுக்கு வரும். ஏற்காதீர்கள். ஆண்ட்ரோமேடா திரளின் ஒளி நம் கண்ணுக்கு வர 25 லட்சம் ஆண்டு ஆகிறது. அந்த ஒளி நடக்காத ஒரு சரித்திரத்தைச் சொல்கிறது என்றால், வானத்தில் பொய் எழுதியவர் யார்? தீத்து நிருபம் அவரைப் "பொய்யுரையாத தேவன்" என்கிறது.

உண்மையில் கடினமான கேள்வி வயது அல்ல. அரியலூர்ச் சுண்ணாம்புப் பாறையில் சுருள் சுருளாக அம்மோனைட் என்ற கடல் பிராணிகள் கிடைக்கின்றன. அந்த இனமே சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் அழிந்துபோனது. மனிதன் வருவதற்கு வெகு காலம் முன்பே மரணம் இருந்திருக்கிறது. "பாவத்தினாலே மரணம்" என்று பவுல் எழுதியதை எப்படிப் படிப்பது? அவர் பேசுவது மனிதருக்கும் தேவனுக்கும் நடுவே விழுந்த மரணத்தை என்று நான் படிக்கிறேன். எல்லாரும் அப்படிப் படிப்பதில்லை. உங்கள் போதகரின் பயம் இங்கேதான் இருக்கும் என்று ஊகிக்கிறேன். ஆறாயிரத்தை விட்டால் சிலுவையும் கைவிட்டுப் போய்விடுமோ என்ற பயம். அது மதிக்க வேண்டிய பயம். ஆகவே அவரைப் பார்க்கப் போகும்போது மகனை அழைத்துப் போகாதீர்கள். கணவரோடு போங்கள். வாதாட வேண்டாம், பையன் மூன்று வாரமாக வரவில்லை, மேடையில் 'இதுவா, அதுவா' என்று கேட்டால் பிள்ளைகள் கண்ணால் கண்டதைத்தான் எடுப்பார்கள் என்று மட்டும் சொல்லுங்கள். எனக்குப் பதினேழு வயதில் ஒரு மூப்பர், கல்லூரியில் நிலவியல் எடுத்தால் நரகம் என்றார். நான் சபையை விடாமல் இருந்ததற்கு அவரோ என் அறிவோ காரணமல்ல. என் அம்மா அன்றிரவு, "நீ படி, வந்து எனக்கும் சொல்" என்றார்.

மகனிடமும் அதையே சொல்லிப் பாருங்கள். ஜிர்கான் கதையை அவன் உங்களுக்கு விளக்கட்டும், நீங்கள் சந்தேகம் கேளுங்கள். பள்ளி விடுமுறையில் ஆலங்காயம் வழியாகக் காவலூருக்குப் போய் வாருங்கள். ஜவ்வாது மலையில் 2.34 மீட்டர் தொலைநோக்கி இருக்கிறது, உங்களுக்குப் பக்கம்தான். பார்வையாளர் நேரத்தை முன்பே விசாரித்துக்கொள்ளுங்கள். ஆராதனைக்கு வா என்று இந்த மாதம் வற்புறுத்த வேண்டாம்.

ஞாயிறு பள்ளிப் பாடத்தைத் தவிர்க்காதீர்கள். சிறுபிள்ளைகளுக்கு நாட்களின் ஒழுங்கைக் கோலமாகப் போட்டுக் காட்டலாம்: மேலே மூன்று கட்டம், கீழே மூன்று கட்டம், எது எதற்குப் பொருந்துகிறது என்று அவர்களே கண்டுபிடிக்கட்டும். ஏழாவது கட்டம் தனியாக. பெரிய பிள்ளைகள் "டைனோசர் எந்த நாள் மிஸ்?" என்று கேட்பார்கள், கட்டாயம் கேட்பார்கள். இது கிழமை சொல்லும் புத்தகம் அல்ல, யாருடைய வீடு என்று சொல்லும் புத்தகம் என்று சொல்லிவிட்டு அடுத்த வசனத்துக்குப் போய்விடுங்கள்.

அந்த வகுப்புக்குப் பட்டறையிலிருந்து ஒரு துண்டுக் கல் கொண்டுபோகலாம். எதைக் கொண்டுபோவது என்று மகனே தேர்ந்தெடுத்துத் தரட்டும். கருப்புக் குழம்பு பட்டைப் பாறையைக் கிழித்துப் போகிற இடத்தில் உடைந்த துண்டு கிடைத்தால் நல்லது. கணவருக்கு அது எங்கே கிடக்கும் என்று தெரியும். கையளவு போதும், பஸ்ஸில் தூக்கிப் போக வேண்டுமே.